சொரியாசிஸுக்கு லைட்டும் மாத்திரையும்: யாரும் சொல்லாததால் நான் பட்டது

திண்டுக்கல்லில் ஒரு துணிக்கடையில் பதினாறு வருஷமாகப் புடவை விரித்துக் காட்டுகிற வேலை எனக்கு. 2018 தீபாவளி வியாபாரம் உச்சத்தில் இருந்த நேரம், ஒரு அம்மாவுக்கு பாட்டில் கிரீன் பட்டு ஒன்றை உதறி, முழங்கை மேல் போட்டு முந்தானையைக் காட்டினேன். திரும்ப மடிக்கும்போது பார்த்தால் பச்சை மேல் அரிசி மாவு தூவினது மாதிரி வெள்ளை வெள்ளையாகக் கிடக்கிறது. அந்த அம்மா ஒன்றும் சொல்லவில்லை. விரல் நுனியால் அதைத் தட்டிவிட்டு, "வேற எடுங்க" என்றார். வேறு புடவையைச் சொன்னாரா, வேறு ஆளைச் சொன்னாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. மறுநாள் அண்ணாச்சி கூப்பிட்டு, "தம்பி, கொஞ்ச நாளைக்குக் குடோன்ல ஸ்டாக்கைப் பாரு" என்றார். திட்டவில்லை, சம்பளத்திலும் கை வைக்கவில்லை. ஆனால் புடவை விற்றால் கிடைக்கிற கமிஷன் போயிற்று. மாதம் 2,000 ரூபாய்க்குக் குறையாத காசு அது.

உடம்பில் புற ஊதா லைட் வைத்துக்கொண்டு கூடவே மாத்திரையும் எடுக்கிற வைத்தியத்துக்கு நான் ஒழுங்காக வந்து சேர்வதற்குள் அதற்கப்புறம் நாலு வருஷம் ஓடிவிட்டது. அந்த வைத்தியத்திலும் முதல் தடவை வெந்துபோய், இரண்டாவது தடவை ஏழு சிட்டிங்கை, அதாவது ஏழு முறை லைட்டில் நின்றதை, வீணாக்கித்தான் கற்றுக்கொண்டேன். நான் டாக்டர் இல்லை. கீழே வருகிற அளவெல்லாம் என் உடம்புக்கு எழுதிக் கொடுத்தது, அதை எடுத்து உங்கள் உடம்புக்குப் போட்டுப் பார்க்காதீர்கள். ஆனால் என்னென்ன கேட்க வேண்டும் என்பதை மட்டும் இதிலிருந்து எடுத்துக்கொள்ளலாம்.

முதல் எட்டு மாதம் படர்தாமரை என்றே நினைத்திருந்தேன். மெடிக்கலில் "அரிப்புக்கு ஒரு ஆயின்மென்ட்" என்று கேட்டால் அவர்கள் கொடுக்கிற டியூபில் ஸ்டீராய்டும் பூஞ்சை மருந்தும் கலந்திருக்கும். பூசினால் நாலு நாளில் அடங்கும், விட்டால் பழையபடி தடிக்கும். ஒவ்வொரு முறையும் கொஞ்சம் பெரிதாகத் திரும்பி வந்தது. சலூனில் வழக்கமாக வெட்டுகிறவர் என் பின்கழுத்தைப் பார்த்துவிட்டு டவலை மாற்றினார். அவர் மேல் தப்பில்லை, ஒட்டும் என்று பயந்திருப்பார். இது ஒட்டாது. சாதாரணமாக ஒரு மாதம் எடுத்து மேலே வருகிற தோல் செல், இந்த நோயில் உடம்பின் எதிர்ப்புச் சக்தி தவறாகத் தூண்டிவிடுவதால் நாலைந்து நாளில் மேலே வந்து, உதிர நேரமில்லாமல் அடுக்கடுக்காகச் சேர்ந்துகொள்கிறது. செதிலைப் பிய்த்தால் ஊசி முனை மாதிரி ரத்தப்புள்ளி வருகிறதே, அதுதான் அடையாளம் என்று பின்னால் தெரிந்தது. நான் பிய்க்காத நாள் கிடையாது. பிய்த்த இடத்திலும் கீறின இடத்திலும் புதுசாக முளைக்கும் என்பதும் பின்னால்தான் தெரிந்தது.

அம்மா கருவாட்டையும் கத்திரிக்காயையும் நிறுத்தினாள். வெட்பாலை இலையைத் தேங்காய் எண்ணெயில் போட்டு மொட்டை மாடி வெயிலில் வைத்து, கருநீலமாக இறங்கிய தைலத்தைப் பூசிவிட்டாள். சித்த வைத்தியத்தில் காளாஞ்சகப்படைக்கு இதைத்தான் சொல்வார்கள். பொய் சொல்ல மாட்டேன், அது செதிலை இளக்கியது, இரவில் அரிப்பு குறைந்து தூங்கினேன். நாலு பனியன் நீலமாய்ப் போனதோடு சரி, அதனால் கெடுதல் எதுவும் இல்லை.

கெடுதல் வந்தது ஒரு பொட்டலத்தில். "தொண்ணூறு நாளில் கேரண்டி" என்று ஒருத்தர் கொடுத்த பொடி. மாதம் 4,500 என்று மூன்று மாதத்துக்கு 13,500 ரூபாய், மனைவியின் கம்மல் அடகுக்குப் போனது. பத்தே நாளில் தோல் வழவழவென்று ஆகிவிட்டது. நான் அந்த ஆளைக் கும்பிடாத குறை. மூன்று மாதம் முடிந்து பொடியை நிறுத்திய இரண்டாவது வாரம், தலை முதல் கால் வரை ஒரே சிவப்பு. புரட்டாசி வெக்கையில் எனக்குக் குளிர் நடுக்கம். ஃபேன் காற்று பட்டால் பல் கிட்டியது. ஒன்பது நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தேன். பொடியில் ஸ்டீராய்டு கலந்திருந்து அதைச் சட்டென்று நிறுத்தினால் இப்படித்தான் ஆகும் என்றார் அங்கிருந்த டாக்டர். உள்ளே என்ன இருந்தது என்று யாரும் பரிசோதிக்கவில்லை, அதனால் நான் அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் சீட்டில் பெயர் எழுதாத எதுவும் பத்து நாளில் சொரியாசிஸைத் துடைத்தெடுத்தால் சந்தோஷப்படாதீர்கள், பயப்படுங்கள். ஸ்டீராய்டு மாத்திரையோ ஊசியோ போட்டிருந்தால் அடுத்த டாக்டரிடம் அதை மறைக்காமல் சொல்லிவிடுங்கள்.

அந்தப் படுக்கையில்தான் லைட் என்ற வார்த்தையை முதன்முதலில் கேட்டேன். மதுரையில் அந்த லைட் வைக்கிற பெட்டி, சேம்பர் என்பார்கள், இருக்கிறது, வாரம் மூன்று நாள் போக வேண்டும் என்றார்கள். கடை லீவு, பஸ் காசு எல்லாம் கூட்டிப் பார்த்து முடியாது என்றேன். ஊரிலேயே ஒரு தோல் டாக்டர் வேறு வழி சொன்னார். சோரலென் என்று ஒரு மாத்திரை, போட்டு இரண்டு மணி நேரம் கழித்து வெயிலில் நிற்பது. மெஷினுக்குப் பதில் சூரியன். மாத்திரை தோலை வெளிச்சத்துக்குக் கூசவைக்கும், வெயிலில் இருக்கிற புற ஊதா ஏ கதிர் அங்கே வேலை செய்து, வேகமாகப் பெருகுகிற தோலை அடக்கும். 2020 மார்ச் முதல் வாரம் ஆரம்பித்தேன். எட்டரைக்கு இட்லி சாப்பிட்டு மூன்று மாத்திரை, பத்தரைக்கு மொட்டை மாடியில் ஐந்து நிமிஷம். ஒரு நாள் விட்டு ஒரு நாள். கறுப்புக் கண்ணாடி போடச் சொல்லியிருந்தார். எல்லாம் சீட்டில் இருந்தது. விளக்கம் மட்டும் அரை நிமிஷம்தான் கிடைத்தது, வெளியே இருபது பேர் உட்கார்ந்திருந்தார்கள். நானும் கேட்கவில்லை. வெயிலில் நிற்பதைப் பற்றி திண்டுக்கல்காரனுக்கு என்ன சொல்லித்தர வேண்டியிருக்கிறது என்று ஒரு நினைப்பு.

மூன்றாவது வாரம் ஊரடங்கு வந்துவிட்டது. ஏப்ரல் தொடக்கத்தில் ரேஷன் கடையில் 1,000 ரூபாயும் அரிசியும் டோக்கன் போட்டுக் கொடுத்தார்கள் இல்லையா, என் டோக்கன் நாளும் மாத்திரை நாளும் ஒன்றாக விழுந்தன. மாடியில் பத்து நிமிஷம் நின்று முடித்த கையோடு பையை எடுத்துக்கொண்டு போனேன். ஆறடிக்கு ஒரு சுண்ணாம்பு வட்டம், ஒவ்வொரு வட்டமாக நகர்ந்து நகர்ந்து ஒன்றேகால் மணி நேரம். அரைக்கைச் சட்டை, கைலி. அன்று இரவு ஒன்றும் தெரியவில்லை. மறுநாளும் லேசான உறுத்தல்தான். அதனால் அதற்கு அடுத்த நாள் வழக்கம்போல மறுபடியும் மாத்திரை போட்டு மாடியில் நின்றேன். சாயங்காலம் இரண்டு முன்கையும் பின்கழுத்தும் பழுக்க ஆரம்பித்தன. நாலாவது நாள் முன்கையில் கோலிக்குண்டு அளவுக்குக் கொப்புளம், உள்ளே மஞ்சள் தண்ணீர். போனில் டாக்டரைப் பிடித்து அழுதேன் என்றே சொல்லலாம். ஜன்னலில் போர்வை கட்டிய அறையில், ஈரத்துணி போட்டுக்கொண்டு பதினோரு நாள்.

இதை இங்கே நிறுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் இதை மட்டும் யாராவது முன்னாலேயே சொல்லியிருந்தால் என் கை வெந்திருக்காது. சாதாரண வெயில் சூடு அன்றைக்கே தெரிந்துவிடும். சோரலென் போட்டபின் வருகிற சூடு மெதுவாக ஏறும், 48 மணி நேரம் கழித்தும் ஏறிக்கொண்டே போகும், மூன்றாம் நாள் வாக்கில்தான் உச்சம். நேற்று ஒன்றும் ஆகவில்லையே என்று அடுத்த வேளையைப் போட்டால் ஒரு சூட்டுக்கு மேல் இன்னொரு சூடு. இரண்டாவது, மாத்திரையின் வேலை மொட்டை மாடியோடு முடிவதில்லை. அன்று பொழுது சாயும்வரை தோலும், ஒரு முழு நாளுக்குக் கண்ணும் வெளிச்சத்தைத் தாங்காது. பஸ் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்தாலும் தப்பிக்க முடியாது, அந்த ஏ கதிர் கண்ணாடி வழியாக வரும். கறுப்புக் கண்ணாடி புற ஊதாவைத் தடுக்கிறதா என்று கண்ணாடிக் கடையில் கேட்டு வாங்க வேண்டும், இல்லையென்றால் பின்னால் கண்புரை வரக்கூடும். என்னுடையது திருவிழாக் கடையில் 60 ரூபாய்க்கு வாங்கியது. கண் தப்பித்தது என் அதிர்ஷ்டம்.

இன்னொன்று. "குளிக்க என்ன போடுறீங்க?" என்று டாக்டர் போனில் கேட்டார். அம்மா அரைக்கிற குளியல் பொடி என்றேன். "கார்போகரிசி போடுவாங்களா?" ஆமாம், போடுவாள், தோலுக்கு நல்லது என்று சொல்லியே ஒரு பிடி கூடவும் போட்டிருந்தாள். கார்போகரிசி விதையிலேயே இயற்கையாக அந்த சோரலென் இருக்கிறதாம். மாத்திரையில் இருப்பதை மேலே வேறு தேய்த்துக்கொண்டு வெயிலுக்குப் போயிருக்கிறேன். எவ்வளவு அதனால், எவ்வளவு ரேஷன் வரிசையால் என்று பிரித்துச் சொல்ல முடியாது. அம்மாவிடம் இதை நான் இன்னும் சொல்லவில்லை. லைட் வைத்தியம் ஆரம்பிக்கும்போது வீட்டில் பூசுவது, குடிப்பது, தேய்த்துக் குளிப்பது எல்லாவற்றையும் டாக்டரிடம் ஒப்பித்துவிடுங்கள்.

அந்தச் சூட்டுக்குப் பிறகு லைட் என்றாலே எனக்குக் குலைநடுக்கம். இரண்டு வருஷம் வெறும் களிம்போடு ஓட்டினேன். தப்பு வைத்தியத்தில் இல்லை, அளவில் என்று புரிந்துகொள்ள இரண்டு வருஷம். அதற்குள் முதுகில் இடமே இல்லாமல் படர்ந்து, விரல் நகத்தில் குண்டூசி குத்தினது மாதிரி குழிகள். மகள் பள்ளிக்கூட ஆண்டு விழாவுக்கு, "அப்பா, முழுக்கை போட்டுட்டு வா" என்றாள். எட்டு வயசு. அந்த வாரமே மதுரைக்குப் பஸ் ஏறினேன். 2022 ஜூன்.

அங்கே டாக்டர் இரண்டையும் சேர்த்துக் கொடுத்தார். உள்ளே உடம்பின் எதிர்ப்புச் சக்தியை அடக்குகிற மெதோட்ரெக்சேட் மாத்திரை, வெளியே நேரோபேண்ட் யூவிபி என்கிற புற ஊதா பி கதிர் லைட். தனித்தனியாகக் கொடுப்பதைவிடச் சேர்த்தால் சீக்கிரம் கேட்கும், சிட்டிங்கும் குறையும், மாத்திரை அளவையும் ரொம்ப ஏற்ற வேண்டாம் என்றார். வெளிச்சத்தோடு மருந்தை ஜோடி சேர்ப்பது புதுசு கிடையாது. 1925-லேயே அமெரிக்காவில் கோக்கர்மேன் என்ற டாக்டர் நிலக்கரித் தாரைப் பூசிப் புற ஊதா வெளிச்சம் காட்டியிருக்கிறார். சோரலென் மாத்திரையும் ஏ கதிர் மெஷினும் 1974-ல் வந்த ஜோடி. இப்போது எனக்குக் கொடுத்த லைட் 311 நானோமீட்டர் என்ற குறுகலான ஒரு கீற்று மட்டும், சோரலென் தேவையில்லை. "அப்போ கண்ணாடி போட்டுட்டே திரிய வேண்டாமா சார்?" என்று கேட்டேன். "சேம்பருக்குள்ள மட்டும் போட்டா போதும்" என்றார். பாதிப் பயம் அங்கேயே இறங்கியது.

சேம்பர் என்பது பீரோவை விடக் கொஞ்சம் அகலமான ஒரு பெட்டி. உள்பக்கம் சுற்றிலும் ஆளுயர டியூப் லைட்டுகள், கம்பி வலைக்குப் பின்னால். ஜட்டியோடு, கண்ணில் ரப்பர் கண்ணாடி, முகத்தில் படை இல்லாததால் முகத்துக்கு ஒரு துணிப்பை. ஆண்கள் அந்த இடத்தைக் கட்டாயம் மூட வேண்டும், ஒவ்வொரு முறையும் அதே அளவு ஜட்டியாக இருக்க வேண்டும். ஒரு நாள் பெரியது, ஒரு நாள் சின்னது என்று போனால், அதுவரை வெளிச்சமே படாத தொடையில் முழு அளவும் விழுந்து சிவந்துவிடும். கதவைச் சாத்தியதும் ஃபேன் ஓடும், நீல வெளிச்சம் கண்ணாடி ஓரத்தில் கசியும், கொஞ்சம் கதகதப்பு, பழைய டிவி சூடான மாதிரி ஒரு வாசனை. கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் பள்ளிக்கூடத்தில் வெளியே நிறுத்தின பையன் மாதிரி நின்றேன். முதல் நாள் வெளிச்சத்தின் டோஸ் 300 மில்லிஜூல், நாற்பது செகண்டு. அவ்வளவுதானா என்று கேட்டதற்கு டெக்னீசியன் தம்பி, "இது வெயில் இல்லண்ணே, மருந்து. டோஸ் ஏத்தி ஏத்தித்தான் போகணும்" என்றான். ஒவ்வொரு முறையும், "நேத்து ராத்திரி சிவந்துச்சா, எரிஞ்சுச்சா?" என்று கேட்டுவிட்டுத்தான் பத்து இருபது சதவீதம் ஏற்றுவான். இந்த லைட்டின் சிவப்பு ஒரு நாளைக்குள் தெரிந்துவிடும், அதனால் அந்தக் கேள்விக்கு உண்மையான பதில் சொன்னால் கொப்புளம் வரை போகாது.

இனி மாத்திரை. மெதோட்ரெக்சேட் வாரத்துக்கு ஒரே ஒரு நாள். எனக்கு வியாழக்கிழமை இரவு, 2.5 மில்லிகிராம் மாத்திரை மூன்று, பிறகு மெல்ல ஏற்றினார். மற்ற நாளில் ஃபோலிக் ஆசிட். ஆரம்பிக்கும் முன் ரத்த அணுக்கள், ஈரல், கிட்னி பரிசோதனை, நெஞ்சு எக்ஸ்ரே. மெடிக்கலில் கவரின் மேல் நாள் எழுதாமல் "3-0-0" என்று மட்டும் எழுதிக் கொடுத்துவிட்டார்கள். வியாழன் இரவு போட்டுக்கொண்டேன். வெள்ளி காலை கவரைப் பார்த்துவிட்டு மறுபடியும் மூன்றை உள்ளங்கையில் கொட்டிவிட்டேன், தண்ணீர் டம்ளர் வாய்க்குப் பக்கத்தில். மனைவி, "ஏங்க, சீட்டுல வியாழக்கிழமை மட்டும்னுதானே போட்டிருக்கு?" என்று கையைப் பிடித்தாள். தினமும் போட்டால் வாயெல்லாம் புண்ணாகி, ரத்த அணுக்கள் குறைந்து, உயிருக்கே ஆபத்து என்று டாக்டர் பின்னால் சொன்னபோது அவருக்கே முகம் மாறியது. அதற்கப்புறம் எங்கள் வீட்டு நாள்காட்டியில் வியாழக்கிழமைகளில் மகள் சிவப்பு ஸ்கெட்சில் வட்டம் போட்டு வைத்தாள், போட்டபின் அடித்துவிடுவாள். மாத்திரைப் பட்டை என் கைக்கு வராது, அன்றைய அளவை மட்டும் மனைவி எடுத்துத் தருவாள்.

குடிப்பதை நிறுத்தச் சொன்னார், இரண்டு பாரமும் ஈரலுக்குத்தான் என்று. மாமன் மகன் கல்யாணத்தில் கையில் திணித்தார்கள், கோபித்துக்கொண்டார்கள், இருக்கட்டும். ஒரு முறை நீர்க்கடுப்புக்கு ஊரில் ஒரு டாக்டரிடம் போனபோது இந்த மாத்திரையைச் சொன்னதும் அவர் எழுதின சீட்டைக் கிழித்து வேறு எழுதினார். கோ-ட்ரைமாக்சசோல் என்ற மருந்து இதோடு சேரவே கூடாதாம். காய்ச்சல், வாய்ப்புண், மூச்சிரைப்பு, வறட்டு இருமல் எது வந்தாலும் அடுத்த வியாழனுக்குக் காத்திராமல் உடனே டாக்டரிடம் கேட்க வேண்டும். வியாழன் போட்டு வெள்ளிக்கிழமை எனக்கு வயிற்றைப் புரட்டும். பஸ்ஸில் எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டே மதுரை போவேன்.

ஏழு சிட்டிங்கை வீணாக்கினேன் என்றேனே, அது இப்படி. காலையில் கிளம்பும்போது செதில் இளக ஒரு வெள்ளை ஆயின்மென்டைத் திட்டுத் திட்டாகப் பூசிக்கொண்டு போவேன், டாக்டரே எழுதியதுதான். ஏழாவது சிட்டிங் வரை ஒரு முன்னேற்றமும் இல்லை. எட்டாவது நாள் டெக்னீசியன் தம்பி என் முதுகைத் தொட்டுப் பார்த்து, "என்னண்ணே பூசியிருக்கீங்க?" என்றான். சாலிசிலிக் ஆசிட் கலந்த ஆயின்மென்ட் யூவிபியைத் தடுத்துவிடும், தடிமனாகப் பூசிய எந்தக் களிம்பும் அப்படித்தான். குடையைப் பிடித்துக்கொண்டு மழையில் குளித்திருக்கிறேன். அதை இரவுக்கு மாற்றினேன். லைட்டுக்குச் சற்று முன்னால் தேங்காய் எண்ணெயை மெல்லிசாக, பளபளக்காத அளவுக்குத் தடவினால் செதில் கண்ணாடி மாதிரி ஆகி வெளிச்சம் உள்ளே இறங்கும். கால்சிபோட்ரையால் களிம்பு இருந்தால் அதுவும் லைட்டுக்குப் பிறகுதான். ஏழு சிட்டிங், 510 ரூபாய் வீதம் 3,570. ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தால் மிஞ்சியிருக்கும்.

பிறகு ஆடித் தள்ளுபடி வந்தது. அண்ணாச்சி என்னை மறுபடியும் கீழே வியாபாரத்துக்கு இறக்கியிருந்தார், முழுக்கைச் சட்டையோடு. கூட்டம் நெரிகிற நேரத்தில் லீவு கேட்க வாய் வரவில்லை. பன்னிரண்டு நாள் போகவில்லை. திரும்பப் போனதும் ஏறியிருந்த டோஸைத் தம்பி இறக்கிவிட்டான். விட்ட நாளைக்கு அடுத்த முறை சேர்த்து வைத்துக்கொள்ளலாம் என்று நான் நினைத்திருந்தேன். தோல் அதற்குள் பழக்கம் விட்டுப்போயிருக்கும், அதே டோஸ் கொடுத்தால் வெந்துவிடும். மூன்று நாலு வாரம் விட்டுப்போனால் முதலிலிருந்துதான். அதனால் ஆரம்பிக்கும் முன்னாலேயே மூன்று மாதத்து முகூர்த்தம், திருவிழா, பரீட்சை எல்லாவற்றையும் பார்த்து நாள் குறியுங்கள். நான் ஆடியில் துணிக்கடைக்காரன் செய்யக்கூடாத காரியத்தைச் செய்துவிட்டேன்.

பெஞ்சில் காத்திருக்கும்போது கேட்டதும் நிறைய. புதுசாகக் கல்யாணமான ஒரு தங்கச்சிக்கு டாக்டர் மாத்திரையே எழுதவில்லை, லைட் மட்டும்தான். மெதோட்ரெக்சேட் கருவைப் பாதிக்கும், ஆண்களும் அது எடுக்கும்போது குழந்தைக்கு முயற்சி செய்யக்கூடாது என்று எனக்கும் சொல்லியிருந்தார். அசிட்ரெட்டின் என்ற இன்னொரு சொரியாசிஸ் மாத்திரை எடுக்கிற பெரியவர் ஒருத்தர் உதடெல்லாம் வெடித்துப்போய் வருவார். அந்த மாத்திரை தோலை மெல்லிசாக்குவதால் அவருக்கு லைட் டோஸைக் கிட்டத்தட்டப் பாதியாகக் குறைத்துவிட்டார்கள். பெண்கள் அதை எடுத்தால் நிறுத்தியபின்னும் மூன்று வருஷம் கர்ப்பம் கூடாதாம். எதிர்ப்புச் சக்தியை அடக்குகிற சைக்ளோஸ்போரின் என்ற மருந்து எடுத்துக்கொண்டிருந்த ஒருவரை லைட்டே கிடையாது என்று திருப்பி அனுப்பினார்கள், சேர்ந்தால் தோல் புற்று பயம். ஆக, உங்கள் சித்தப்பாவுக்குக் கேட்ட ஜோடி உங்களுக்கு ஒத்துவரும் என்று சொல்ல முடியாது.

பன்னிரண்டாவது சிட்டிங்கில் பாயில் விழுகிற செதில் குறைந்தது. காலையில் மனைவி பாயை உதறும் சத்தம் கேட்டாலே எனக்கு அவமானமாக இருக்கும். ஒரு நாள் அவள் உதறாமலே சுருட்டி வைத்தாள். இருபதில் முதுகு தட்டையாகிவிட்டது. முழங்காலும் முழங்கையும் கடைசிவரை அடம்பிடித்தன. 34-வது சிட்டிங்கில் நிறுத்தினார்கள். தடிப்பு இருந்த இடமெல்லாம் பழுப்பு நிழல். உடம்பு மொத்தமும் ஒரு சுற்று கறுத்துவிட்டது, சித்தி பார்த்து, "காட்டு வேலைக்குப் போறியாய்யா?" என்றாள். தலையில் முடிக்கு அடியிலும் நகத்திலும் லைட் ஒன்றும் செய்யவில்லை, அங்கெல்லாம் அது போகாது. இதே நோயால் மூட்டு வலி இருந்தாலும் அதே கதைதான், அதற்கு மாத்திரைதான் பேச வேண்டும். காலையில் விரல் மூட்டு விறைத்தால் உடனே சொல்லுங்கள், தோல் நோய்தானே என்று விட்டால் மூட்டே கோணிவிடும்.

கணக்கு. சிட்டிங் 350, பஸ்ஸும் ஷேர் ஆட்டோவும் 160, ஆக 510. முப்பத்து நாலுக்கு 17,340. அரைநாள் சம்பளம் 200 வீதம் 6,800. ரத்தப் பரிசோதனை மூன்று முறை 2,700. மொத்தம் 26,840 ரூபாய். மாத்திரைதான் இதில் மலிவு. இதே லைட் அரசு மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரியில் காசில்லாமல் கிடைக்கும் என்பதை முப்பதாவது சிட்டிங்கில், பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். அவர் அங்கே மெஷின் ரிப்பேர் என்று அந்த ஒரு வாரம் இங்கே வந்திருந்தார். எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தது. எந்த ஊராக இருந்தாலும் முதலில் பெரிய ஆஸ்பத்திரி தோல் பிரிவில், நேரோபேண்ட் யூவிபி இருக்கிறதா, எந்தக் கிழமை கொடுக்கிறார்கள் என்று நேரில் போய்க் கேளுங்கள். போன் எடுக்க மாட்டார்கள்.

ஏழு மாதம் நன்றாக இருந்தேன். மாத்திரையை டாக்டர் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்கச் சொன்னார், நான் நன்றாக ஆகிவிட்டதே என்று ஒரேயடியாக நிறுத்திவிட்டேன். 2023 சித்திரை முடிவதற்குள் முழங்கையில் ஐந்து ரூபாய் அளவுக்கு ஒன்று, பிறகு இடுப்பில் பெல்ட் உரசும் இடத்தில். இந்த முறை பொடிக்காரனைத் தேடவில்லை, மெடிக்கல் டியூபும் வாங்கவில்லை. பழைய லைட் கார்டை எடுத்துக்கொண்டு அரசு ஆஸ்பத்திரிக்குப் போனேன். அந்தக் கார்டைத் தொலைக்காதீர்கள். எத்தனை சிட்டிங், எத்தனை டோஸ், எங்கே சிவந்தது எல்லாம் அதில் இருக்கிறது, புது இடத்தில் ஆரம்பிக்க அதுதான் பிடிமானம். வாழ்நாள் முழுவதும் எத்தனை எடுத்தோம் என்று அவர்கள் கணக்கு வைப்பதும் அதை வைத்துத்தான்.

வரிசை நீளம்தான், ஏழரைக்கே போய் உட்கார வேண்டும். கடைக்குப் பதினொன்றுக்குள் வந்துவிடுவேன் என்று அண்ணாச்சியிடம் இந்த முறை முன்கூட்டியே சொல்லிவிட்டேன். "முதல்லயே சொல்லியிருந்தா முன்னாடியும் விட்டிருப்பேனேப்பா" என்றார்.

போன திங்கட்கிழமை பக்கத்தில் ஒரு காலேஜ் பையன், இரண்டு கையையும் சட்டைக்குள் இழுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். அவன் மடியில் புத்தம் புது லைட் கார்டு. உள்ளே ஃபேன் ஓடும் சத்தத்தையே கேட்டுக்கொண்டிருந்தவன், "அண்ணே, ரொம்ப எரியுமா?" என்றான்.

"முதல் நாள் நாற்பது செகண்டுதான் தம்பி. பேன்ட்டைக் கழட்டி மடிச்சு வைக்கிற நேரம்கூட ஆகாது. ஆமா, வரும்போது ஆயின்மென்ட் ஏதும் பூசிட்டு வந்தியா?"

பூசியிருந்தான். குழாயடியைக் காட்டி அனுப்பினேன்.